சிவப்பு சுடும்வரை

மேற்கே பாலைவனத்தில் ஒரு விமானத்தளம். சோவியத் நாட்டில் வடிவமைத்த குண்டுவீச்சு விமானங்கள் அங்கே இருந்தன. அவற்றின் இறக்கை அசையும். மெதுவாகப் பறக்க அகல விரியும். வேகமாகப் பறக்கப் பின்னால் மடியும். பதினாறு பாகை, நாற்பத்தைந்து, எழுபத்திரண்டு என்று அதற்கு மூன்று நிலைகள். ஓட்டுபவரின் இடது கைப்பக்கம் ஒரு நெம்புகோல் உண்டு. அதைத் தள்ளித்தான் நிலையை மாற்ற வேண்டும். தரையிறங்கும்போது பதினாறில் இருக்க வேண்டும்.

அந்த விமானத்தைக் கற்க வந்தவர் பூவராகன், ஸ்குவாட்ரன் லீடர். வயது முப்பத்தைந்து. பதினோரு வருஷம் வேறு விமானம் ஓட்டியவர். அதன் இறக்கை அசையாது.

கற்றுக்கொடுத்தவர் யேசுவடியான், பிளைட் லெப்டினன்ட். பதவியில் ஒரு படி கீழே. வயதில் ஆறு குறைவு. அதனால் ஆசிரியர் மாணவரைச் சார் என்று அழைத்தார். மாணவர் ஆசிரியரை யேசு என்று அழைத்தார். இருவருக்கும் அதில் சங்கடம் இல்லை. பார்த்தவர்களுக்குத்தான் சிரிப்பு.

பயிற்சிக்கு இரண்டு இருக்கை விமானம். முன்னால் பூவராகன், பின்னால் யேசுவடியான். ஒருநாள் ஓடுபாதையை நோக்கி இறங்கிக்கொண்டிருந்தார்கள். சக்கரம் இறங்கிவிட்டது. இறக்கை நாற்பத்தைந்திலேயே நின்றது.

"சார், இறக்கை."

பூவராகனின் இடது கை பாய்ந்தது.

தரையில் இறங்கியதும், "இப்ப போடத்தான் இருந்தேன்" என்றார்.

"சரி சார்."

மறுநாளும் அதே இடத்தில், "சார், இறக்கை."

"தெரியும்ப்பா. கை அங்கதான் போய்ட்டிருந்துது."

"சரி சார்."

மூன்றாம் நாள் யேசுவடியான் வாயைத் திறக்கவில்லை. விமானம் நல்லபடியாக இறங்கி நின்றது. பூவராகன் இறக்கை நிலையைக் காட்டும் முள்ளைப் பார்த்தார். பதினாறு காட்டியது. அவர் நெம்புகோலைத் தொட்டிருக்கவில்லை. பின்னாலிருந்த கை மாற்றியிருந்தது.

 தேநீர் குடிக்கும்போது பூவராகன் வெடித்தார்.

"ஒரு இறக்கையை ஒழுங்கா செய்யத் தெரியாம ஆட விட்டுட்டான் ரஷ்யாக்காரன். அவன் வேலையை நம்ம தலையில கட்டிட்டான்."

யேசுவடியான் டம்ளரைக் கீழே வைத்தார்.

"அவங்களுக்கு ரெண்டு ஆசை இருந்துது சார். தாழப் பறந்து, வேகமாப் போய்க் குண்டு போடணும். திரும்பி வந்து சின்ன ஓடுபாதையில மெதுவா இறங்கணும். வேகத்துக்கு ஒரு இறக்கை, மெதுவுக்கு ஒரு இறக்கை. ஒரே விமானத்துல எப்படி?"

"அதான் கேக்கறேன்."

"முதல்ல ஒண்ணு செஞ்சு பாத்தாங்க. இறக்கையை அசைக்கல. வயித்துக்குள்ள சின்ன எஞ்சினுங்களை நிக்க வெச்சாங்க. இறங்கறப்ப அதுங்க கீழ ஊதி விமானத்தைத் தாங்கும்."

"நல்ல யோசனைதானே."

"இறங்கற ரெண்டு நிமிஷத்துக்கு வேலை செய்யும். மத்த நேரமெல்லாம் சும்மாச் சுமக்கணும். எரிபொருள் வைக்கற இடத்தையும் அதுங்களே எடுத்துக்கிச்சு. கடைசியில தூக்கிப் போட்டுட்டாங்க. இறக்கையை அசைய விட்டாங்க."

"சரி. பாரம் போச்சு."

"எங்க போச்சு சார்?"

பூவராகன் யோசித்தார். யேசுவடியான் அவருடைய இடது கையைப் பார்த்தார். பூவராகன் அந்தக் கையை மேசைக்குக் கீழே இழுத்துக்கொண்டார்.

"பேச்சு நல்லாத்தான் இருக்கு" என்றார். "பயிற்சி முடிய இன்னும் பத்து நாள்தான். அதுக்குள்ள நான் தனியாப் பறக்கணும். இல்லேன்னா தலைமையகத்துல ஒரு மேஜையைக் காட்டி உக்காருன்னுடுவாங்க. அப்புறம் எனக்கு வானமே கிடையாது. நெம்புகோல் எப்ப என் கைக்கு வரும்? அதைச் சொல்லு."

"நாளையிலேருந்து நீங்க கூண்டுல உக்காருங்க சார்."

ஓடுபாதை தொடங்கும் இடத்தில், பக்கவாட்டில், சக்கரம் வைத்த சிறிய அறை ஒன்று நிற்கும். அதுதான் கூண்டு. சிவப்பு வெள்ளைக் கட்டம் போட்டிருக்கும். மேல்பாதி கண்ணாடி. அதற்குள் ஒருவர் உட்கார்ந்து இறங்க வரும் ஒவ்வொரு விமானத்தையும் பார்ப்பார். சக்கரம் இறங்காமலோ இறக்கை விரியாமலோ ஒன்று வந்தால், வெளிச்சத் துப்பாக்கியால் வானத்தில் சிவப்பு சுடுவார். அதைக் கண்டதும் விமானி இறங்காமல் மேலே ஏறி, ஒரு சுற்றுச் சுற்றி வர வேண்டும். விமானத்தின் மூக்கிலிருந்து விமானிக்குத் தன் இறக்கை சரியாகத் தெரியாது. கூண்டிலிருப்பவருக்குத் தெரியும்.

விமானிகள் முறைவைத்து அரைநாள் உட்காருவது வழக்கம். தொடர்ந்து யாரும் உட்கார்வதில்லை.

"எத்தனை நாள்?" என்றார் பூவராகன்.

"ஒரு சிவப்பு சுடற வரைக்கும்."

"யாரும் தப்பே பண்ணலேன்னா?"

யேசுவடியான் டம்ளரை எடுத்துக் கழுவப் போய்விட்டார்.

கூண்டில் ஒரு நாற்காலி, ஒரு தொலைபேசி, ஒரு துப்பாக்கி, பெட்டியில் தோட்டாக்கள். சுவரில் ஒரு வரி எழுதியிருந்தது: முதலில் சுடு, பிறகு பேசு.

முதல் நாள் வேடிக்கையாகப் போயிற்று. சாப்பிடப் போகும் விமானிகள் ஜீப்பை நிறுத்திக் கூவினார்கள்.

"என்ன பூவராகன், முட்டை போட்டாச்சா?"

"அடையில இருக்கேன். சத்தம் போடாதீங்க, குஞ்சு பயந்துடும்."

இரண்டாம் நாளும் கூவினார்கள். மூன்றாம் நாள் அவர் ஜீப்பின் பக்கம் திரும்பவில்லை.

விமானங்கள் வந்தன. எல்லாம் சரியாக வந்தன. பார்க்கப் பார்க்க அவருக்குச் சில விஷயங்கள் பிடிபட்டன. நேரே எதிரில் வரும்போது பதினாறும் நாற்பத்தைந்தும் ஏறக்குறைய ஒன்றுபோலத்தான் தெரியும். ஆனால் இறக்கை மடிந்திருந்தால் விமானம் மூக்கைத் தூக்கிக்கொண்டு வரும். உச்சி வெயிலில் மணல்மேல் ஓடும் நிழலைப் பார்த்தால் போதும், கோணம் அப்படியே விழுந்திருக்கும். வயிற்றின் கீழே இருக்கும் துடுப்பு சக்கரம் இறங்கும்போது தானாக மடங்கிக்கொள்ளும். இறக்கை தானாக எதுவும் செய்யாது.

ஐந்தாம் நாள் ஒரு விமானம் வந்தது. பூவராகன் துப்பாக்கியைத் தூக்கினார். விரல் விசைமேல் போயிற்று. நிழலைப் பார்த்தார். இறக்கை சரியாக விரிந்திருந்தது. விமானம் அவரைக் கடந்து இறங்கிப் போயிற்று.

அவர் துப்பாக்கியை மேசைமேல் வைத்தார். 

மாலையில் யேசுவடியானிடம் சொன்னார்.

"இன்னைக்கு ஒருத்தனைச் சுட இருந்தேன். அவன் இறக்கை சரியாத்தான் இருந்துது."

"சுட்டிருந்தா என்ன சார்? ஒரு சுத்து சுத்திட்டு வந்திருப்பான்."

"அவன் வந்திருப்பான். நான் கூண்டை விட்டு வெளியே போயிருப்பேன்."

யேசுவடியான் அவரைப் பார்த்தார்.

"அது எனக்கு முதல்லயே தெரிஞ்சிருக்கு" என்றார் பூவராகன். "அந்த ஆசையிலதான் கை எழுந்துது. கண்ணு அப்புறந்தான் பாத்துது."

 நாளைக்கு வர வேண்டாம் என்று யேசுவடியான் சொல்லவில்லை.

ஆறாம் நாள். ஏழாம் நாள். ஜீப்பிலிருந்து யாரும் இப்போது கூவவில்லை. அது கூவியதைவிட மோசமாக இருந்தது. சாப்பாட்டு மேசையில் ஒருவர் மட்டும், "தலைமையகத்துல மேஜையெல்லாம் நல்ல தேக்கு மரமாம்" என்றார். பூவராகன் உப்பைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

எட்டாம் நாள் காலையிலிருந்தே புழுதி எழுந்திருந்தது. வெயில் மணலில் விழவில்லை. அதனால் நிழலும் இல்லை.

பகல் பதினொன்றரைக்கு யேசுவடியான் தனியாகக் குண்டுப் பயிற்சிக்குப் போயிருந்தார். மற்றவர்கள் எல்லாரும் இறங்கிவிட்டார்கள். அவர் ஒருவர்தான் பாக்கி.

புழுதிக்குள்ளிருந்து ஒரு புள்ளி வந்தது. பிறகு அது விமானமாயிற்று. சக்கரம் தெரிந்தது. மூக்கின்மேல் இருந்த எண் தெரிந்தது. யேசுவடியான்தான்.

மூக்கு கொஞ்சம் தூக்கியிருந்தது.

பூவராகன் எழுந்து நின்றார். துப்பாக்கி கைக்கு வந்துவிட்டது.

தூக்கியிருக்கிறதா? புழுதியில் அப்படித் தெரிகிறதா? யேசுவா மறப்பான்? பிறருக்கு நினைவூட்டுவதே வேலையாக இருப்பவன். ஐந்தாம் நாளும் கை இப்படித்தான் எழுந்தது. கண் பார்ப்பதா, ஆசை பார்ப்பதா? தவறாகச் சுட்டால் ஊர் என்ன சொல்லும்? தன்னைக் கூண்டில் அடைத்தவனைப் பழி தீர்த்துக்கொண்டான் என்று சொல்லும். வெளியே வருவதற்காக ஆசிரியன் என்றும் பார்க்காமல் சுட்டான் என்று சொல்லும்.

விமானம் பெரிதாகிக்கொண்டே வந்தது. பதினாறுக்கு உண்டான வேகத்தில் நாற்பத்தைந்து தாங்காது. ஓடுபாதைக்கு முன்னாலேயே மணலில் உட்கார்ந்துவிடும்.

பூவராகன் எண்ணைப் பார்ப்பதை விட்டார். இறக்கையை மட்டும் பார்த்தார்.

சுட்டார்.

சிவப்பு புழுதியைக் கிழித்துக்கொண்டு மேலே போயிற்று. எதிரே வந்த விமானத்தின் பின்னால் நெருப்பு நீண்டது. அது கூண்டின் தலைக்குமேல் இரைந்துகொண்டு ஏறியது. கண்ணாடி அதிர்ந்தது. அடியிலிருந்து பார்த்தபோது சந்தேகமே இல்லை. இறக்கை நாற்பத்தைந்தில் இருந்தது.

பூவராகன் நாற்காலியில் உட்கார முயன்றார். நாற்காலி இருந்த இடத்தில் இல்லை. எழுந்த வேகத்தில் தள்ளிவிட்டிருந்தார். தரையில் உட்கார்ந்தார்.

தொலைபேசி அடித்தது. எடுத்தார். யார் சுட்டது, எதற்கு என்று கேட்டார்கள். "நான்தான். இறக்கை" என்றார். வைத்துவிட்டார்.

யேசுவடியான் ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். இம்முறை மூக்கு தாழ்ந்திருந்தது. பதினாறில், மெதுவாக, பஞ்சு போல இறங்கினார்.

விமானத்தை நிறுத்திவிட்டு ஜீப் ஏறாமல் நடந்தே கூண்டுக்கு வந்தார். தலைக்கவசம் கையில் இருந்தது. முகமெல்லாம் வேர்வை. படியில் நின்றார்.

"நாளைக்கு முதல் விமானம் உங்களுக்கு சார். தனியா."

"கூண்டுல யாரு?"

"நான்."

எட்டு நாளாகக் கேட்கக் காத்திருந்த வார்த்தை. பூவராகனுக்கு அதில் சந்தோஷப்படத் தோன்றவில்லை. சுட்ட தோட்டாவின் கூட்டை விரலால் உருட்டிக்கொண்டிருந்தார்.

"யேசு, நெஜத்தைச் சொல்லு. என்னை வெளியே எடுக்கணும்னு வேணும்னே செஞ்சியா? இல்ல மறந்துட்டியா?"

"எவ்வளவு நேரம் தாமதிச்சீங்க சார்?"

"மூணு நொடி. நாலுகூட இருக்கும்."

"அப்ப எதைப் பாத்துக்கிட்டிருந்தீங்க?"

 வெளியே புழுதி கண்ணாடியில் உரசியது.

"உன்னைத்தான்" என்றார். "உன்னைச் சுட்டா நீ என்ன நெனைப்பே, மத்தவங்க என்ன சொல்லுவாங்கன்னு. இறக்கையை அதுக்கப்புறந்தான் பாத்தேன்."

யேசுவடியான் இடது கைக் கையுறையை விரல் விரலாகக் கழற்றினார்.

"நானும் இந்தக் கூண்டைத்தான் பாத்துக்கிட்டு வந்தேன் சார்" என்றார். "எட்டு நாளாச்சே, எம்மேல கோவமா இருப்பீங்களோன்னு."