துப்பறியப் போன வக்கீல் கீரி

மலையடிவாரக் காட்டில் ஒரு சுனை இருந்தது. கோடை வந்துவிட்டால் அந்தக் காட்டுக்கே அது ஒன்றுதான் தண்ணீர். யார் முதலில் குடிப்பது, யார் பிறகு குடிப்பது என்று முறை வைக்க விலங்குகள் கூடி ஒரு தலைவரைத் தேர்ந்தெடுக்கும். கோடை முடியும்வரை சுனைக்குள் யாரும் கால் வைக்கக் கூடாது. கரையில் நின்றுதான் குடிக்க வேண்டும். அதுதான் அங்கே சட்டம்.

அந்தக் காட்டில் மாசானம் என்றொரு கீரி வக்கீல் தொழில் பார்த்தது. கீரிக்கு எதற்கு வக்கீல் தொழில் என்று கேட்காதீர்கள். வாய் இருந்தது, தொழில் தானாக வந்துவிட்டது. முயலுக்கும் உடும்புக்கும் வளைத் தகராறு என்றால் மாசானம்தான் பேசும். பேசினால் ஜெயிக்கும். அதற்கு ஒரு தொழில் ரகசியம் உண்டு. ஜெயிக்கிற அளவுக்கு விஷயம் கிடைத்துவிட்டால் அதோடு கேள்வி கேட்பதை நிறுத்திக்கொள்ளும்.

"அதுக்கு மேல ஒரு கேள்வி கேட்டோம்னு வை, கேஸ் கெட்டுப்போகும்" என்று மனைவி இசக்கியிடம் பெருமையடித்துக்கொள்ளும்.

அந்த வருடம் வெயில் கொளுத்தியது. தண்ணீர்க் கவலையில் வளைக்காகச் சண்டை போட யாருக்கும் தெம்பில்லை. மாசானத்திடம் ஒரு வழக்கும் வரவில்லை. அது இருந்த வளையோ சுனைக்கு வெகு தூரம், முறையிலும் கடைசி. முறை வருவதற்குள் குட்டிகள் நாக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டு கிடந்தன. கடைக்குட்டி கண்ணைத் திறப்பதைக்கூடக் குறைத்துக்கொண்டது.

அந்த நேரம் பார்த்துத் தலைவர் ஆள் அனுப்பினார். தலைவர் என்றால் கொம்பையா, காட்டுப்பன்றி. தேர்தல் நெருங்கிக்கொண்டிருந்தது. தேனம்மை என்ற கடமான் எதிர்த்து நிற்பதாகச் சொல்லியிருந்தது. காடே தேனம்மை பக்கம் சாய்ந்துகொண்டிருந்தது.

"என்னவே வக்கீலு, தொழில் எப்படி?" என்று கேட்டது கொம்பையா.

"படுத்துடுச்சுங்க தலைவரே."

"அரசியல்ல பேசுறவன் வேணாம், மோப்பம் பிடிக்கிறவன்தான் வேணும். அந்தத் தேனம்மை பின்னாடியே போ. என்ன தப்பு பண்றான்னு பார்த்துட்டு வா. சுனையோரத்துல ஈர வளை ஒண்ணு சும்மா கிடக்கு. உன் குட்டிங்க அங்க இருந்துக்கலாம். முறையும் முதல்ல வச்சுத் தர்றேன்."

"அந்தம்மா தப்பே பண்ணலைன்னா?"

"அப்ப நீ பழைய வளையிலேயே கிட."

மாசானம் வீட்டுக்கு வந்து சொன்னது. இசக்கிக்கு முகம் சுண்டிவிட்டது.

"ஏங்க, இத்தனை நாளா நாலு பேருக்கு முன்னாடி நின்னு பேசுனீங்க. இப்பப் புதருக்குப் பின்னாடி ஒளிஞ்சு நிக்கப் போறீங்களா?"

"குட்டியைப் பாருடி" என்றது மாசானம். இசக்கி திரும்பிக் கடைக்குட்டியைப் பார்த்தது.

அன்று முதல் மாசானம் தேனம்மையின் பின்னாலேயே அலைந்தது. தேனம்மை புல் மேய்ந்தது, பார்த்தது. அசை போட்டது, அதையும் பார்த்தது. நாள் போய்க்கொண்டே இருந்தது. ஒரு குற்றமும் கண்ணில் படவில்லை. உலகத்தில் இப்படி ஒரு சப்பென்ற பிறவி உண்டா என்று மாசானத்துக்கு எரிச்சலாக வந்தது. வீட்டுக்குப் போகவே பயமாக இருந்தது. போனால் கடைக்குட்டியின் முகத்தில் விழிக்க வேண்டுமே.

கடைசியில் ஒரு விடியற்காலையில் அகப்பட்டது. தேனம்மை சுனைக்குள் இறங்கி நின்றது! கீழ்க்கரை மூலையில் நின்று கால்மாற்றிக் கால்மாற்றி மிதித்தது. மறுநாளும் அதே நேரம், அதே மூலை. முழங்கால்வரை சேறு. தண்ணீர் கலங்கிக் கிடந்தது. மற்றவர்கள் வருவதற்குள் மெல்லக் கரையேறிப் போய்விட்டது.

குளிக்கிறவள் நடுச்சுனையில் அல்லவா குளிப்பாள், இவள் ஏன் மூலையில் நின்று மிதிக்கிறாள் என்று மாசானத்துக்கு ஒரு கேள்வி தொண்டைவரை வந்தது. நேரே போய்க் கேட்டிருந்தால் பதில் கிடைத்திருக்கும். ஆனால் பழக்கதோஷம் விடுமா? ஜெயிக்க இது போதும் என்று அந்தக் கேள்வியை விழுங்கிவிட்டது.

கூட்டம் கூடியது. கொம்பையா மேட்டில் உட்கார்ந்திருந்தது. மாசானம் எழுந்தது. குரல் பழையபடி கணீரென்று வந்தது.

"தேனம்மா, விடியக்காலையில சுனைக்குள்ள இறங்குனீங்களா? ஆமாவா இல்லையா, அதை மட்டும் சொல்லுங்க."

"ஆமா. எதுக்குன்னா..."

"தண்ணி கலங்குச்சா? ஆமாவா இல்லையா?"

"கலங்கத்தான் செஞ்சது. ஆனா வக்கீலய்யா, நான் சொல்ல வர்றதை..."

"ரெண்டுக்கும் ஆமான்னு சொல்லிட்டாங்க" என்று மாசானம் கூட்டத்தைப் பார்த்துக் கையை விரித்தது.

அவ்வளவுதான். தாகத்தில் இருந்தவர்களுக்குக் கோபம் வர எவ்வளவு நேரமாகும்? குடிக்கிற தண்ணீரில் சேற்றுக்காலை வைத்தவள் என்று ஆளுக்கு ஆள் ஏசினார்கள். அன்றைக்கே தேனம்மையை மலைக்கு அந்தப் பக்கம் விரட்டிவிட்டார்கள். கொம்பையா போட்டியே இல்லாமல் ஜெயித்தது. மாசானத்தின் குட்டிகள் ஈர வளைக்குக் குடிவந்தன. கடைக்குட்டி வயிறு முட்டக் குடித்துவிட்டு அம்மாவின் வாலைப் பிடித்து விளையாடியது. மாசானத்துக்கு அழுகை வந்துவிட்டது, சந்தோஷ அழுகை.

அந்தச் சந்தோஷம் கொஞ்ச நாள்கூட நிலைக்கவில்லை. சுனையில் தண்ணீர் இறங்கத் தொடங்கியது. வெயிலுக்கு இறங்குகிற மாதிரி இல்லை, மளமளவென்று இறங்கியது. வளையில் ஈரம் போய்விட்டது. மாசானத்துக்குச் சோறு தண்ணீர் இறங்கவில்லை. என்னவோ தப்பாகிவிட்டது என்று மனசு அடித்துக்கொண்டே இருந்தது. யாரும் இல்லாத நேரம் பார்த்துக் கீழ்க்கரை மூலைக்குப் போனது.

அங்கே களிமண் பெயர்ந்து, அடியில் பாறைப் பிளவு தெரிந்தது. தண்ணீர் அதற்குள் போய்க்கொண்டிருந்தது. சுற்றிலும் தேனம்மையின் குளம்படி காய்ந்து கிடந்தது. பிளவை அடைக்கத்தான் அது தினமும் களிமண்ணை மிதித்துக் கெட்டிப்படுத்தியிருக்கிறது. கலங்கிய தண்ணீர் மற்றவர்கள் வருவதற்குள் தெளியட்டும் என்றுதான் விடியற்காலையில் வந்திருக்கிறது. பெயர்ந்த களிமண்ணிலோ பன்றிக் கொம்பு கிளறிய தடம் ஆழமாகப் பதிந்திருந்தது. சட்டத்தை மீறிச் சேற்றில் புரண்டது யார் என்று மாசானத்துக்கு இனி யாரும் சொல்ல வேண்டியதில்லை.

நேரே கொம்பையாவிடம் ஓடியது.

"தலைவரே, கரையை உடைச்சது நீங்கதான். நீங்களே இறங்கி மிதிச்சா இப்பவும் அடைச்சிடலாம். உங்க கனத்துக்குத்தான் மண்ணு கெட்டிப்படும்."

"நான் இறங்கி மிதிச்சா நான் உடைச்சேன்னு ஆயிடும்லவே" என்றது கொம்பையா. "தண்ணி யாரால குறையுதுன்னு கண்டுபிடி. முள்ளம்பன்றியைப் பாரு. அவன் எப்பப் பார்த்தாலும் மண்ணைத் தோண்டிக்கிட்டேதான் இருக்கான். அவன்தான்னு கொண்டு வா."

மாசானம் வெளியே வந்து, எதிர்ப்பட்ட எல்லாரிடமும் உள்ளதைச் சொன்னது. கெஞ்சியது, தலையில் அடித்துக்கொண்டது. ஒரு முசுக்குரங்கு மரத்தில் இருந்தபடியே சிரித்தது.

"அன்னைக்குத் தலைவருக்காக அந்தம்மாவைச் சொன்னே. இன்னைக்கு இவரையே சொல்றே. இப்ப யாருய்யா உனக்கு வளை குடுத்திருக்கா?"

ஒருவரும் மூலையைப் போய்ப் பார்க்கவில்லை. மாசானம் தன் சின்னப் பாதங்களால் மிதித்து மிதித்துப் பார்த்தது. மண் அசையவே இல்லை. சில நாளில் தண்ணீரும் அற்றுப்போய், அந்த மண்ணும் காய்ந்து வெடித்தது. வேறு வழி தெரியாமல் கொதிக்கிற பாறையில் ஏறி, மலைக்கு அந்தப் பக்கம் போனது.

தேனம்மை ஒரு சின்னக் குட்டையோரம் நின்றது. இளைத்துப் போயிருந்தது. மாசானம் கால்களில் விழுந்து, ஒன்று விடாமல் சொன்னது.

"வந்து மிதிச்சுக் குடுங்கம்மா. எங்க குட்டிங்க செத்துப்போகும்."

"மண்ணு ஈரமா இருக்கா?" என்று கேட்டது தேனம்மை.

"காஞ்சு வெடிச்சிடுச்சு."

"அப்ப இனி யாரு மிதிச்சாலும் ஒட்டாது வக்கீலய்யா. மழை பெய்யணும். குட்டிகளை இங்க கூட்டிட்டு வந்துடுங்க. இங்கயும் முறை உண்டு, கடைசியா வந்தவங்களுக்குக் கடைசி முறை. இப்ப நான்தான் கடைசி. எனக்கு அடுத்து நீங்க."

மாசானம் திரும்பிப் போய்க் குட்டிகளைக் கூட்டிக்கொண்டு வந்தது. அதன் பின்னாலேயே காடே காலியாகி மலையேறி வந்தது. கொம்பையா மட்டும் வெடித்த சேற்றில் உட்கார்ந்துகொண்டு, குற்றவாளியைப் பிடிக்காமல் விடமாட்டேன் என்று சொல்லிக்கொண்டிருந்ததாம்.

குட்டையோரம் நீளமாக வரிசை நின்றது. முன்பிருந்தே அங்கே இருந்த விலங்குகள் எல்லாருக்கும் பின்னால் தேனம்மை. அதற்கும் பின்னால் மாசானம், இசக்கி, குட்டிகள். அவர்களுக்குப் பின்னால் காட்டிலிருந்து வந்த மற்றவர்கள். கடைக்குட்டி இசக்கியின் முதுகில் கண்மூடிக் கிடந்தது. தேனம்மை திரும்பிப் பார்த்தது.

"அன்னைக்கு ஏன் இறங்குனேன்னு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே. கேட்டிருந்தா சொல்லியிருப்பேன்."

"கேட்டிருந்தா நான் தோத்திருப்பேனேம்மா" என்றது மாசானம். சொல்லிவிட்டு விம்மியது. வரிசை நகர்வதாக இல்லை. குட்டையில் எவ்வளவு தண்ணீர் மிச்சம் இருக்கிறது என்று அங்கே நின்ற மாசானத்துக்குத் தெரியவும் இல்லை.

ஜெயிக்கப் போதுமான அளவுக்கு மட்டும் உண்மையைத் தேடுகிறவன், அந்த ஜெயத்தாலேயே தன் வீட்டையும் ஊரையும் கெடுத்துக்கொள்வான்.