ஆடு சொன்ன ஆஜர்

கோவில்பட்டிப் பக்கம் ஒரு கல்லூரி. அங்கே மாணவர் பேரவைத் தலைவர் பதவிக்கு வேட்புமனு போட்டாள் செண்பகவல்லி. ஜெயித்தால் பெண்கள் விடுதிக்குத் தண்ணீர் கொண்டுவராமல் ஓயமாட்டாள் என்று எல்லோருக்கும் தெரியும். தேர்தல் அதிகாரியான பேராசிரியர் சங்கரலிங்கமோ மனுவைத் தள்ளிவிட்டார். வகுப்பில் சிரித்தாள் என்று அவரே ஒருநாள் அவளை வெளியே நிறுத்தியிருந்தார். தண்டனை பெற்றவர் போட்டியிடக் கூடாதாம்.

அவள் விடவில்லை, முறையிட்டாள். விசாரிக்க ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் வந்து உட்கார்ந்தார்; எதிரே பேராசிரியரும் இருந்தார்.

"எதுக்கும்மா சிரிச்சே?"

"வகுப்புக்குள்ள ஒரு ஆடு வந்துட்டுது ஐயா. சார் குனிஞ்ச தலை நிமிராம பேர் வாசிச்சாங்க. 'மேகநாதன்'னு கூப்பிட்டாங்க. ஆடு 'மே'ன்னுச்சு. சார் ஆஜர் போட்டுட்டாங்க."

நீதிபதி வாயைப் பொத்திப் பார்த்தார். முடியவில்லை. வயிறு குலுங்கச் சிரித்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தால், செண்பகவல்லி வாசலுக்கு வெளியே கைகட்டி நிற்கிறாள்.

"அங்கே ஏம்மா போனே?"

"சிரிச்சா வெளியே நிக்கணும்கிறது சாரோட சட்டம். ஐயா தனியா நிக்க வேண்டாமேன்னு துணைக்கு வந்தேன்."

நீதிபதி எழுந்தார். விடுவிடுவென்று நடந்துபோய் அவள் பக்கத்தில் கைகட்டி நின்றார்.

"இப்ப நானும் தண்டனை பெற்றவன். என் தீர்ப்பும் செல்லாதோ, பேராசிரியரே?"

சங்கரலிங்கத்தின் மீசை துடித்தது. கோபம் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள்.

"மனுவை ஏத்துக்கிறேன் ஐயா" என்றவர், அடக்கமாட்டாமல் சிரித்துக்கொண்டே தானும் வாசலுக்கு வந்தார்.

"கொஞ்சம் தள்ளி நில்லும்மா."