தொப்பி இல்லாத சல்யூட்

போர்க்காலம். கடற்படைத் தந்தி அறையில் நாங்கள் பன்னிரண்டு பெண்கள். எங்கள் அதிகாரி ரூபவதி அக்கா. சேலைதான் சீருடை. அக்கா தொப்பி கேட்டபோது, "கொண்டைக்கு எதற்குத் தொப்பி?" என்று சிரித்தார் கேப்டன்.

ஒருநாள் அட்மிரல் பார்வையிட வந்தார். அக்கா விறைப்பாக நின்றார். கை மட்டும் எழவில்லை.

"சல்யூட் அடி! இல்லையென்றால் எல்லோரும் வீட்டுக்குப் போங்கள்!" என்று கத்தினார் கேப்டன்.

"தொப்பி இல்லாமல் சல்யூட் அடிக்கக் கூடாதென்பது கடற்படை விதி, சார். தொப்பி தர மறுத்தது நீங்கள்."

அட்மிரல் கேப்டனைத் திரும்பிப் பார்த்தார். சாயங்காலமே பதின்மூன்று தொப்பிகள் வந்தன.

போர் முடிந்ததும் திருப்பி வாங்கிக்கொண்டார்கள், பாவிகள்.

போன மாதம் அக்கா காலமானார். மிஞ்சிய மூன்று கிழவிகளும் அவர் தலைமாட்டில் விறைப்பாக நின்றோம். தலையில் தொப்பி இல்லை, சல்யூட் அடிக்கவில்லை.