தவிட்டுக்கு வாங்கிய பெயர்

"சாமி, மடத்துல எல்லாரையும் பேர் சொல்லிக் கூப்பிடறீங்க. என்னை மட்டும் 'ஏம்மா, ஏம்மா'ன்னு கூப்பிடறீங்க. எனக்கென்ன பேரா இல்லை?"

குரு சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்க்கவில்லை.

"பேரைச் சொல்லு. கூப்பிடறேன்."

"வித்யாவதின்னு வந்த அன்னைக்கே சொன்னேனே."

"அது நீயா வச்சுக்கிட்டது. உங்க அம்மா வச்சதைச் சொல்லு."

வித்யாவதிக்குத் தூக்கிவாரிப் போட்டது. இந்த மனுஷனுக்கு யார் சொல்லியிருப்பார்கள்?

"யாரும் சொல்லலம்மா" என்றார் குரு. "வந்த புதுசுல நானும் வித்யாவதின்னு கூப்பிட்டுப் பார்த்தேன். நீ அதைக் காதுல வாங்கி, யோசிச்சு, அப்புறம்தான் திரும்பறே. பெத்தவ வச்ச பேருன்னா முதல்ல உடம்பு திரும்பும். யோசனை அப்புறம்தான்."



அந்தப் பேரைச் சொல்லிவிட்டால் என்ன, குடியா முழுகிப்போகும்? அப்படித்தான் நமக்குத் தோன்றும். அவளுக்கு அது முழுகிப்போகிற விஷயம்தான். கல்லூரியில் தமிழ் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவள். குருவைவிட வயதில் மூத்தவள். வேலை, கல்யாணம், ரேஷன் கார்டு, எல்லாவற்றிலும் வித்யாவதி. கட்டின புருஷனுக்கே அந்தப் பழைய பேர் தெரியாது. தெரியாமலே போய்ச் சேர்ந்துவிட்டார்.

"வேற பேர் இல்லை சாமி" என்றாள்.

"சரிம்மா" என்று அடுத்த வெங்காயத்தை எடுத்தார்.

இதில் வேடிக்கை என்னவென்றால், அந்த ஆற்றங்கரை மடத்தில் அவளுடைய வேலையே பேர் வைப்பதுதான். சுற்றுவட்டாரத்தில் பெண் குழந்தை பிறந்தால் தூக்கிக்கொண்டு வந்துவிடுவார்கள். ஒரு பேர் சொல்லி, அதற்கு அர்த்தம் சொல்லி, அது வடமொழியா தமிழா, எந்த வேரிலிருந்து எப்படிக் கிளைத்தது என்று வித்யாவதி விளக்குவாள். வந்தவர்கள் வாயைப் பிளந்துகொண்டு கேட்பார்கள். அந்த நேரத்தில் அவள் முகத்தைப் பார்க்க வேண்டுமே, அப்படி ஒரு பெருமை!

அன்றைக்கும் ஒருத்தி வந்தாள். பழைய வேட்டியில் சுற்றிய குழந்தை. பின்னால் புருஷன், தோளில் துண்டு.

"பேரு வேணுங்கம்மா. பொண்ணு."

"உன் பேர் என்ன?"

"பூமயிலுங்க."

"பொண்ணா, ரொம்ப சந்தோஷம். நித்யகல்யாணின்னு வை. நித்யம்னா என்னைக்கும் உள்ளது. கல்யாணம்னா மங்கலம். மூலம் வடமொழி..."

"வேண்டாங்கம்மா."

"சரி, தமிழ்லயே தர்றேன். அழகுநிலா."

"அழகும் வேண்டாங்க."

வித்யாவதிக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. இத்தனை வருஷத்தில் அவள் சொன்ன பேரை வேண்டாம் என்றவர்கள் கிடையாது.

"பின்ன எப்படித்தான் வேணும்?"

"யாரும் ஆசைப்படாத பேரா ஒண்ணு குடுங்க."

"ஏய், பெரியவங்ககிட்ட என்ன பேச்சு பேசறே?" என்று புருஷன் அதட்டினான்.

பூமயில் அவனைக் கண்டுகொள்ளவில்லை. குழந்தையை மார்போடு இறுக்கிக்கொண்டாள்.

"மூத்தவளுக்கு ஆயுஷ்மதின்னு வச்சோங்க. ஆயுசு நிறைய உள்ளவன்னு அர்த்தம் சொன்னாங்க. காய்ச்சல்ல போயிட்டா. அடுத்தவ அமிர்தவல்லி. அமிர்தம் குடிச்சவங்களுக்குச் சாவே இல்லைன்னு சொன்னாங்க. அவ முகம் பார்த்துச் சிரிக்கிறதுக்குள்ள போயிட்டா."

"யார் அப்படிச் சொன்னது?"

"நீங்கதாங்க. இதே எடத்துல உக்காந்துதான் சொன்னீங்க."

வித்யாவதி அவளை உற்றுப் பார்த்தாள். முகம் ஞாபகத்துக்கு வரவில்லை. ஆயுஷ்மதி ஞாபகம் இருந்தது. அமிர்தவல்லி ஞாபகம் இருந்தது. அவற்றின் வேர்ச்சொல் எல்லாம் ஞாபகம் இருந்தது. பேர் வாங்கிக்கொண்டு போனவளை மட்டும் ஞாபகம் இல்லை.

அவளுக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது.

"உங்களைக் குத்தம் சொல்லலீங்க" என்றாள் பூமயில். "பேரு நல்ல பேருதான். அதான் பயமா இருக்கு. நான் ஆசை ஆசையாக் கூப்பிடறது வேற யாருக்கோ கேட்டுடுது. வந்து எடுத்துட்டுப் போயிடறாங்க. இவளைக் கூப்பிட்டா அந்தச் சனியன் திரும்பிக்கூடப் பார்க்கக் கூடாது. எங்க பக்கம் அந்தக் காலத்துல அப்படிப் பேர் வைப்பாங்களாமே. குப்பையில போட்டு எடுத்து, தவிட்டுக்கு வாங்கின பிள்ளைன்னு."



வித்யாவதி எழுந்து குருவிடம் போனாள். குரல் தாழ்த்திச் சொன்னாள்.

"சாமி, இது மூடநம்பிக்கை. நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க. டாக்டர்கிட்ட போகச் சொல்லுங்க."

"ஏம்ப்பா, டாக்டரைப் பார்த்தீங்களா?" என்று குரு அங்கிருந்தே குரல் கொடுத்தார்.

"பார்த்துக்கிட்டுத்தான் இருக்கோம் சாமி. ஊசியெல்லாம் போட்டாச்சு" என்றான் புருஷன்.

"கேட்டியா? வந்தது பேர் வாங்கத்தான்."

"அதுக்காக இப்படியா சாமி?"

"நித்யம்னா என்னைக்கும் உள்ளதுன்னு சொல்லி நித்யகல்யாணின்னு வைக்கச் சொன்னியே, அது என்ன நம்பிக்கை?"

வித்யாவதி திரும்பி வந்து உட்கார்ந்தாள்.

பூமயில் மெதுவாகக் கேட்டாள்.

"அம்மா, நீங்க எல்லாப் பேரும் தெரிஞ்சவங்க. இந்த மாதிரி பேர் வச்ச பிள்ளை யாராச்சும் பொழச்சிருக்காங்களா? ஒருத்தரைக் கண்ணால பார்த்தாக்கூட எனக்குத் தைரியம் வந்துடும்."

மடத்தில் இருந்தவர்கள் எல்லாரும் வித்யாவதியைப் பார்த்தார்கள். பேர் என்றால் அவளைத்தானே பார்ப்பார்கள்.

வித்யாவதி தரையைப் பார்த்தாள்.

பள்ளிக்கூடத்தில் அவளை மாடு மாதிரி "ம்மா" என்று கத்திக் கூப்பிடுவார்கள். தவிடு தின்ன வா என்பார்கள். அதைக்கூட மறந்துவிடலாம். மறக்க முடியாதது கல்லூரி விடுதி வாசல். அங்கே சேரும்போதே பேரை மாற்றிக்கொண்டாயிற்று. ஒருநாள் அம்மா வேர்க்கடலை அவித்து எடுத்துக்கொண்டு வந்துவிட்டாள். வெயிலில் நடந்து வந்தவள், மகளைப் பார்த்த சந்தோஷத்தில் ரோட்டுக்கு அந்தப் பக்கம் நின்றே பழைய பேரைச் சொல்லித் தொண்டை கிழியக் கூப்பிட்டாள்.

"யாரைக் கூப்பிடறாங்க?" என்று பக்கத்தில் இருந்த தோழி கேட்டாள்.

"யாரையோ" என்றாள் வித்யாவதி.

அதற்குள் ரோட்டைத் தாண்டிக் கிட்டே வந்துவிட்ட அம்மாவின் காதில் அது விழுந்துவிட்டது. கடலைப் பையைக் காவல்காரரிடம் கொடுத்துவிட்டுப் போய்விட்டாள். அதற்கப்புறம் மகளை அவள் பேர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லை. ஏம்மா, சாப்பிட்டியா. ஏம்மா, எப்ப வருவே. கடைசியில் படுத்த படுக்கையாகக் கிடந்தபோதும், "ஏம்மா, வந்துட்டியா?" என்றுதான் கேட்டாள்.

குரு 'ஏம்மா' என்று கூப்பிடும்போதெல்லாம் அவளுக்கு ஏன் எரிந்தது என்று இப்போது புரிகிறதா?

"யாருமே பொழைக்கலீங்களா?" என்றாள் பூமயில்.

வித்யாவதி குருவைப் பார்த்தாள். அவர் வெங்காயத்தைப் பார்த்தார்.

"பொழச்சிருக்கு" என்றாள் வித்யாவதி.

"எங்கங்க? எந்த ஊர்ல?"

"உன் முன்னாடி உக்காந்திருக்கு."

பூமயில் சுற்றுமுற்றும் பார்த்தாள்.

"என் பேரு தவிட்டாயி. எனக்கு முன்னாடி ரெண்டு போயிடுச்சாம். அறுபது வயசாச்சு. சளி பிடிச்சாக்கூட ரெண்டு நாள்ல சரியாயிடுது."

சொல்லி முடித்ததும் உடம்பெல்லாம் கூசியது. யாராவது சிரிப்பார்கள் என்று காத்திருந்தாள். ஒருவரும் சிரிக்கவில்லை. பூமயில் மட்டும் எட்டி வந்து அவள் கையைத் தொட்டுப் பார்த்தாள். புறங்கை, முழங்கை, தோள் என்று தொட்டுக்கொண்டே போனாள். பிழைத்த உடம்பு எப்படி இருக்கும் என்று பார்க்கிறாளாம்.

"நீங்கதாம்மா என் பிள்ளையைத் தூக்கிக் குடுக்கணும்" என்றாள்.

குரு எழுந்து மாட்டுக் கொட்டகைக்குப் போனார். முறத்தில் ஒரு குத்துத் தவிடு அள்ளி வந்து பூமயில் புருஷன் கையில் கொடுத்தார். மறுபடியும் வெங்காயத்தின் முன்னால் போய் உட்கார்ந்துகொண்டார்.

கொட்டகைக்குப் பின்னால் குப்பைமேடு. பெற்றவள் பிள்ளையை அதில் போட்டுவிட வேண்டும். வேறொருத்தி தூக்க வேண்டும். அப்புறம் பெற்றவளே தவிடு கொடுத்து அதை வாங்கிக்கொள்ள வேண்டும். முறை அவ்வளவுதான்.

பூமயில் குழந்தையைப் புருஷனிடம் கொடுத்துவிட்டுக் குப்பையின் முன்னால் மண்டியிட்டாள்.

ஒரு முள்ளை எடுத்துத் தூரப் போட்டாள். உடைந்த சிரட்டை ஒன்றை எடுத்தாள். துருப்பிடித்த ஆணி ஒன்று கிடந்தது, அதை எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டாள். காய்ந்த வாழையிலையைப் புரட்டி எறும்பு இருக்கிறதா என்று பார்த்தாள். அப்புறம் உள்ளங்கையை வைத்துக் குப்பையை மெல்ல அழுத்தினாள். சூடு இருக்கிறதா என்று புறங்கையை வைத்துப் பார்த்தாள்.

"போடு புள்ள, குப்பைதானே" என்றான் புருஷன்.

"இருங்க. இன்னொரு முள்ளு கெடக்கு."

வித்யாவதி பார்த்துக்கொண்டே நின்றாள்.

தன் பேரைக் குப்பை என்றுதான் இத்தனை வருஷமாக நினைத்திருந்தாள். அந்தக் குப்பையில் யாரோ முள் பொறுக்கியிருப்பார்கள் என்று ஒருநாளும் நினைத்ததில்லை. ஊரில் உள்ள பேருக்கெல்லாம் மூலம் சொன்னவள்!

பூமயில் குழந்தையைக் கிடத்தினாள். திரும்பிப் பார்க்காமல் நாலடி தள்ளிப் போய் நின்றுகொண்டாள். குழந்தை வீல் என்று கத்தியது.

வித்யாவதி குனிந்து தூக்கினாள். கேட்க வேண்டியதைக் கேட்டாள்.

"குப்பையில ஒரு பிள்ளை கெடக்கே, இது யாரு பிள்ளை?"

"தெரியலீங்க" என்றாள் பூமயில், முதுகைக் காட்டியபடியே.

"உன் பிள்ளையா?"

"என்னுது இல்லீங்க. யாரோ பெத்தது."

குழந்தை மறுபடி கத்தியது. பூமயில் திரும்பினாள். அவள் ரவிக்கை முன்பக்கம் நனைந்துபோயிருந்தது. வாய் யாரோ என்றது. சுரந்த பால் அந்தப் பேச்சைக் கேட்கவில்லை.

விடுதி வாசலில் வித்யாவதியும் யாரோ என்று சொன்னவள்தான். பூமயில் சொன்னது பிள்ளையைக் காப்பாற்றிக்கொள்ள. வித்யாவதி சொன்னது தன் மானத்தைக் காப்பாற்றிக்கொள்ள. வெட்கம் பிடுங்கித் தின்றது. குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு, கல்லூரியில் பாடம் சொன்ன அந்த அம்மாள், குப்பைமேட்டில் நின்று ஓவென்று அழுதாள்.

"தவிடு தர்றேங்க" என்றாள் பூமயில், அவளும் அழுதுகொண்டே. "அந்தப் பிள்ளையை எனக்குக் குடுத்துடுங்க."

"வாங்கிக்கோ" என்று நீட்டினாள் வித்யாவதி.

முறம் கை மாறியது. குழந்தை பெற்றவளிடம் போய், தாவிப் பால் குடிக்க ஆரம்பித்தது.

"காதுல பேரை நீங்களே சொல்லிடுங்க."

வித்யாவதி குனிந்தாள். பால் குடிக்கும் குழந்தையின் காதில் மூன்று தடவை சொன்னாள். இத்தனை வருஷத்துக்கப்புறம் தன் பேரைத் தானே சொன்னபோது, அது அம்மாவின் குரலில்தான் அவளுக்குக் கேட்டது.

அவர்கள் கும்பிட்டுவிட்டு ஆற்றுப் படித்துறைப் பக்கம் இறங்கிப் போனார்கள்.

வித்யாவதி தவிட்டை மாட்டுக்கு வைத்தாள். முறத்தைத் தட்டி வைத்தாள். குருவுக்கு எதிரே வந்து உட்கார்ந்து, ஒரு வெங்காயத்தை எடுத்து உரிக்க ஆரம்பித்தாள்.

"சாமி" என்றாள். "இப்பப் பேர் தெரிஞ்சுடுச்சு. கூப்பிட மாட்டீங்களா?"

"நான் எதுக்கு?" என்றார் குரு.

அப்போதுதான் படித்துறையிலிருந்து குரல் வந்தது. குழந்தையைக் கொஞ்சிக்கொண்டு போகிற ஒரு தாயின் குரல். தொண்டை கிழியக் கூப்பிட்டது.

"தவிட்டாயீ! ஏய், என் தவிட்டாயீ!"

வெங்காயம் கையிலிருந்து உருண்டது. வித்யாவதி எழுந்துவிட்டாள். எழுந்த பிறகுதான் எழுந்தது அவளுக்கே தெரிந்தது.

குரு நிமிர்ந்து பார்த்தார்.

"யாரைக் கூப்பிடறாங்க?"

"என்னைத்தான் சாமி."