காவலனைக் கொல்லும் பக்கம்

சிறுவர் பத்திரிகைகளில் வருஷக்கணக்காகப் படம் போட்டுத் தேர்ந்த கை திருவரசுவுடையது. பெரியவர்களுக்கான காமிக்ஸ் கற்றுக்கொள்ள, தன்னைவிட இளையவரான யூஜினாவிடம் சேர்ந்திருந்தார். பழைய கடல் சாகச நாவல் ஒன்றை இருவரும் படக்கதையாக்கிக்கொண்டிருந்தார்கள்.

அன்று சாயங்காலம் பக்கங்கள் அச்சுக்குப் போகவேண்டும். ஒன்றை மட்டும் யூஜினா தள்ளிவைத்தார்.

கப்பல் தலைவன் சிரித்துக்கொண்டே கோட்டைக்குள் நுழையும் பக்கம் அது. வாசல் காவலனின் கழுத்திலிருந்து தாள் முழுக்க ரத்தம் பீறிட்டது.

“யார் இவன்?”

“யாருமில்லை மேடம். காவலனைத் தீர்த்துட்டு உள்ளே போனான்னு நாவல்ல ஒரு வரி. அவ்வளவுதான்.”

“அதுக்கு இவ்வளவு ரத்தமா?”

“பெரியவங்க படிக்கிறதாச்சே. வேற என்னதான் வேணும் அவங்களுக்கு?” திருவரசுவின் குரல் உயர்ந்துவிட்டது. “நான் பார்த்ததுல பாதிகூட நீங்க பார்த்திருக்க மாட்டீங்க. பிடிக்கலைன்னா என் பேரை எடுத்துடுங்க!”

யூஜினா எழுந்துபோய்க் கதவைத் தாழிட்டார்.

“அந்தச் சுவரைப் பார்த்து உட்காருங்க அண்ணே. திரும்பக் கூடாது.”

உட்கார்ந்தார். முதுகுக்குப் பின்னால், காகிதம் வெட்டும் கத்தியின் அலகு கடகடவென்று நீண்டது. காலடி நெருங்கியது. நின்றது.

விளையாட்டென்றுதான் முதலில் நினைத்தார். ஆனால் பிடரி சில்லிட்டது. அப்படிப் பேசியிருக்க வேண்டாமோ? பின்னால் மூச்சுச் சத்தம்கூட இல்லை.

மேசைமேல் அவருடைய போன் அடித்தது. வீட்டு அழைப்புக்கென்று வைத்திருந்த பாட்டு.

“எடுக்காதீங்க.”

அடித்து ஓய்ந்தது.

அதற்குமேல் தாங்கமுடியாமல் திரும்பிவிட்டார். யூஜினா எப்போதோ சத்தமில்லாமல் விலகிப்போய், அறையின் மறுகோடியில் அதே கத்தியால் பென்சில் சீவிக்கொண்டிருந்தார்.

“என்ன நினைச்சீங்க?”

திருவரசு உதட்டை நனைத்துக்கொண்டார். “காலையில வீட்ல சண்டை. அவ பேசவே இல்லை. இப்ப எதுக்குக் கூப்பிட்டாளோன்னு…”

யூஜினா வெள்ளைத் தாள் ஒன்றை நீட்டினார்.

திருவரசு குனிந்தபடி வரைந்தார். கோட்டை வாசலில் காவலன் உட்கார்ந்திருந்தான். யாரையோ நினைத்துக்கொண்டிருக்கும் முகம். அவன் தோள்மேல் ஒரு நிழல் விழுந்திருந்தது. ரத்தம் இல்லை.

அடுத்த கட்டத்தில் பென்சில் நின்றுவிட்டது.

“இங்கே தலைவன் சிரிச்சுக்கிட்டே உள்ளே போகணும் மேடம். நாவல்ல அப்படித்தான் இருக்கு. இவன் முகத்தை வரைஞ்சப்புறம் கை வரமாட்டேங்குது. அவனை எப்படிச் சிரிக்க வைக்கிறது?”

“சிரிக்கட்டும்,” என்றார் யூஜினா. “முன்னைவிட நல்லாச் சிரிக்கட்டும். படிக்கிறவங்க இவன் முகத்தை மறக்கமாட்டாங்க.”