இலையில் போட்ட சோறு

பவானி ஆற்றங்கரையில் இருந்த அந்தச் சின்ன ஆசிரமத்தின் குருவுக்கு வயது முப்பத்தெட்டு. அவருடைய முதல் சீடர் சென்னியப்பனுக்கு ஐம்பத்தாறு. குரு சீடரை ‘அண்ணே’ என்பார். சீடர் குருவை ‘அம்மா’ என்பார். இருவருக்கும் இதில் ஒரு சங்கடமும் இல்லை. பார்ப்பவர்களுக்குத்தான் தலை சுற்றும்.

சென்னியப்பன் மாவு மில்லில் வேலை பார்த்தார். நாள் முழுக்க நின்று நின்று வலது முட்டி வீங்கிக் கிடந்தது. ஆனாலும் வெள்ளிக்கிழமை அன்னதானத்தில் சோற்று வாளி அவர் கையில்தான். முகத்தைப் பார்த்தே பசியை அளந்துவிடுவார் என்று பேர். பாவம், ஒரு முகத்தை மட்டும் அளக்காமல் விட்டுவிட்டார்.

அந்த வெள்ளிக்கிழமை அவர் மகள் கௌசிகா விடுமுறைக்கு வந்திருந்தாள். கோவையில் வங்கிக் கடனில் பார்மசி படிக்கிறாள். இன்னும் ஒரு வருடம் பாக்கி. ஆசிரமத்து அடுக்களையில் தேங்காய் துருவ உட்கார்ந்தவள், துருவியதில் பாதியைத் தின்றுவிட்டாள்.

“ஏம்மா, ஹாஸ்டல்ல சோறு போடறதில்லையா?” என்று கேட்டார் அம்மா.

கௌசிகா சிரித்தாள். பிறகு அழுதுவிட்டாள்.

“கடனோட சேர்த்து மெஸ்ஸுக்கும் பேங்க்ல பணம் தர்றாங்கம்மா. நான் மத்தியானம் மட்டுந்தான் சாப்பிடறேன். மிச்சத்தை அப்பாவுக்கு அனுப்பிடறேன், முட்டிக்கு வைத்தியம் பாக்கட்டும்னு. டியூஷன் எடுத்துச் சம்பாதிக்கிறேன்னு சொல்லி வெச்சிருக்கேன்.”

“உடம்பு தாங்குதா?”

“போன மாசம் லேப்ல மயங்கி விழுந்துட்டேன். பரீட்சை எழுத முடியல. இன்னொரு தடவை இப்படி ஆனா வருசமே போயிரும்னு மேடம் சொன்னாங்க. அப்பாகிட்டச் சொல்லிராதீங்கம்மா.”

சொல்லமாட்டேன் என்று அம்மா வாக்குக் கொடுக்கவில்லை. இன்னொரு தேங்காய் மூடியை எடுத்து அவளிடம் நீட்டினார்.

பந்தி தொடங்குமுன் சென்னியப்பன் அம்மாவிடம் வந்து நின்றார். முகமெல்லாம் பெருமை.

“அம்மா, ஒரு சந்தேகமுங்க. கடனில்லாத மனசுன்னு பெரியவங்க சொல்றாங்களே, அது எனக்கு வாய்க்குமுங்களா?”

“ஏண்ணே, கிட்ட வந்துட்ட மாதிரி இருக்கா?”

“இருக்குதுங்க. புள்ள டியூஷன் சொல்லிக்குடுத்து மாசாமாசம் பணம் அனுப்பறா. வைத்தியம் பாருங்கப்பாங்கறா. நான் அதுல ஒரு காசு தொடறதில்லைங்க. அப்படியே கொண்டுபோயி பேங்க்ல அவ கடனுக்குக் கட்டிருவேன். அவளுக்குத் தெரியாது. படிச்சு முடிச்சதும் சொன்னா எப்படிச் சந்தோசப்படுவா!”

அம்மா அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்பன் மகளை ஏய்க்கிறார், மகள் அப்பனை ஏய்க்கிறாள். இப்படியொரு அன்பான திருட்டுத்தனத்தின் மேல் யாரால் கோபப்பட முடியும்?

“இலை போட்டாச்சு. வாங்கண்ணே,” என்றார்.

கௌசிகா பந்தியின் கடைசியில் உட்கார்ந்திருந்தாள். சென்னியப்பன் மகளின் இலையில் மூன்று கரண்டி சோறு வைத்தார். அவள் கை வைக்கும் நேரத்தில் அம்மா பக்கத்தில் வந்து நின்றார்.

“அண்ணே, அந்தச் சோத்தை எடுத்து மறுபடி வாளியில போடுங்க.”

சென்னியப்பனுக்குக் காதில் விழுந்ததை நம்ப முடியவில்லை.

“இலையில போட்டதையா?”

“ஆமா.”

“என்னங்கம்மா சொல்றீங்க! போட்டதை எடுத்துத் திரும்பப் பானையில போடுவாங்களா? அது சாப்பிடறவங்க சோறுங்க.”

“சும்மா எடுங்கண்ணே.”

“மாட்டேனுங்க.” குருவிடம் அவர் குரல் உயர்ந்தது அன்றுதான். “பசிச்சு உக்காந்திருக்கிற புள்ள இலையிலிருந்து எடுக்கறவன் மனுசனா? என் கை வெளங்குமா?”

“மாசாமாசம் எடுக்கறீங்களே,” என்றார் அம்மா. “மெஸ்ஸுக்குன்னு பேங்க் இவ இலையில போடுது. நீங்க அதை எடுத்துட்டுப் போயி பேங்க் பானையிலேயே கொட்டிட்டு வர்றீங்க. டியூஷனும் இல்லை, ஒண்ணும் இல்லை.”

சென்னியப்பன் வாளியைக் கீழே வைத்தார். மகளின் கன்னத்தில் எலும்பு துருத்தி நிற்பதை அப்போதுதான் பார்த்தார்.

“நீ சாப்பிடறதே இல்லையா கண்ணு?”

“நீங்க முட்டிக்கு வைத்தியமே பாக்கலையாப்பா?”

கௌசிகாவுக்குத்தான் முதலில் சிரிப்பு வந்தது. அப்புறம் அவரும் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டே சிரித்தார். பந்தியில் இருந்தவர்களுக்கு ஒன்றும் விளங்காவிட்டாலும், சாம்பார் வந்துவிட்டதால் அவர்கள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

சென்னியப்பன் மறுபடி வாளியைத் தூக்கினார். ஆனாலும் மனசு கேட்கவில்லை.

“அப்போ இந்தக் கடன் அப்படியே நிக்குமேங்கம்மா?”

“நிக்கட்டும்ண்ணே. உக்காந்திருக்கிறவ மொதல்ல சாப்பிட்டு எந்திரிக்கட்டும்.”