பதினேழு வட்டங்கள்

குரு என்றதும் உங்களுக்கு ஒரு தாடி நினைவுக்கு வரும். அதைக் கொஞ்சம் ஒதுக்கி வையுங்கள். இந்தக் குருவுக்கு வயது இருபத்தொன்பது. பெயர் தாஹிரா. வாணியம்பாடியில் ஒரு செல்போன் கடைக்கு மேல்மாடியில் லேப்டாப் பழுது பார்க்கிறவர்.

சாயங்காலம் ஐந்து மணிக்கு ஸ்க்ரூ டிரைவரைக் கீழே வைத்துவிடுவார். அதற்கப்புறம் அந்த மாடி ஒரு பள்ளிக்கூடம். பாடம் ஒன்றே ஒன்றுதான். செல்போன் விளையாட்டுகளை லேப்டாப்பில் ஆடுவது.

அதற்குத்தான் செல்போனே இருக்கிறதே என்று நானும் கேட்டேன். மூடி உடைந்த லேப்டாப்போடு போனவன் நான். தாஹிரா ஒரு நாற்காலியைக் காட்டினார். வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்து பார்த்தபோது தெரிந்தது. வந்திருந்தவர்களில் ஒருவருக்குக் கை நடுக்கம். ஒரு அம்மாவுக்கு விரல் நுனியெல்லாம் பழைய தீக்காயம், செல்போன் திரை அவர் தொடுவதை மதிப்பதே இல்லை. தாஹிராவுக்கே வலது கையில் பிறவியிலிருந்து மூன்று விரல்கள்தான். செல்போன் கேட்பது இரண்டு நல்ல கட்டைவிரல்களை. கீபோர்டும் மவுசும் அப்படிக் கறாராக இருப்பதில்லை.

என் லேப்டாப் இரண்டே நாளில் சரியாகிவிட்டது. நான் மூன்று மாதம் போனேன்.

தாஹிரா ஆடுவதைப் பார்க்கத்தான் போனேன். இடது கையில் மவுஸ், வலது கையின் மூன்று விரல்களும் கீபோர்டின் வலது ஓரத்தில். அவர் அவசரப்பட்டு நான் பார்த்ததில்லை. ஜெயித்தால் தண்ணீர் குடிப்பார். தோற்றாலும் அதே அளவுதான் குடிப்பார். எனக்குத் தெரிந்து அந்த ஊரில் அவ்வளவு அழகாக வேறு யாரும் எதையும் செய்ததில்லை.

அங்கேதான் ஒரு நாள் அற்புதராஜ் வந்தார். நாற்பத்தாறு வயது. ஷூ கம்பெனியில் தோல் வெட்டுகிற மெஷினில் இருபது வருஷம் நின்றவர். வலது கையைப் பேன்ட் பாக்கெட்டுக்குள் வைத்திருந்தார்.

"கையைக் காட்டுங்கண்ணா" என்றார் தாஹிரா.

"விளையாட்டு சொல்லிக் குடுத்தா போதும் டீச்சர்."

"கையைக் காட்டுங்க."

கை வெளியே வந்தது. கட்டைவிரல் இல்லை. ஆள்காட்டி விரல் பாதி. காயம் ஆறி நாளாகியிருந்தது.

"எத்தனை மாசம்?"

"அஞ்சு."

"யாரோட விளையாடணும்?"

அற்புதராஜ் நாற்காலியின் விளிம்பில் உட்கார்ந்தார்.

"எம் பொண்ணோட. பெனிட்டா. மங்களூர்ல நர்சிங் படிக்குது. எனக்குப் போன்ல பேச வராது டீச்சர். சாப்ட்டியாம்மா, சாப்ட்டேன்பா, அவ்ளோதான், வெச்சிடுவோம். அதுதான் இந்த துப்பாக்கி சுடுற கேம சொல்லிக் குடுத்துச்சு. தெனம் ஆறரை மணிக்கு ரெண்டு பேரும் ஒரே ஜோடியா ஒரு தீவுல எறங்குவோம், கடைசி வரைக்கும் நிக்கற ஜோடிதான் ஜெயிக்கும். அரை மணி நேரம் வாய் ஓயாது. அப்பா, பின்னால ஆளு வருதுன்னு கத்தும். நான் சுட்டா ஒண்ணுமே படாது. அட கர்த்தாவேன்னு நான் கத்துவேன், அது சிரிக்கும். நடுவுல நடுவுல ஹாஸ்டல் கத, காலேஜ் கத எல்லாம் வந்துடும்."

"இப்ப?"

"ஓவர்டைம்னு சொல்லி வெச்சிருக்கேன்."

"கை விஷயம் அதுக்குத் தெரியாதா?"

"வீட்ல யாரும் சொல்லக்கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டேன். அதுக்குப் பரீட்ச நேரம். தெரிஞ்சா படிப்ப விட்டுட்டு ஓடியாந்துடும்."

தாஹிரா ஒரு லேப்டாப்பைத் திறந்து அவர் முன்னால் நகர்த்தினார்.

லேப்டாப்புக்குள் ஒரு மென்பொருள் செல்போனாக நடிக்கும். விளையாட்டின் பொத்தான்கள் எல்லாம் திரையில் அப்படியே தெரியும். ஓடுவதற்கு ஒன்று, குனிவதற்கு ஒன்று, சுடுவதற்கு ஒன்று, மருந்துக்கு ஒன்று, அழுத்திப் பிடித்துப் பேச மைக் ஒன்று. ஒவ்வொரு பொத்தானின் மேலும் ஒரு வட்டத்தை இழுத்து வைத்து, அதில் ஒரு எழுத்தைப் போட வேண்டும். கீபோர்டில் அந்த எழுத்தை அழுத்தினால், விரல் அங்கே தொட்டதாக விளையாட்டு நம்பிவிடும்.

"எங்கருந்து ஆரம்பிக்கணும் டீச்சர்?"

"விரல்ல இருந்து."

அற்புதராஜுக்கு அது பிடிபடவில்லை. எனக்கும்தான். மறுநாள் அவர் வேறு யோசனையோடு வந்தார்.

"டீச்சர், உங்க வட்டமெல்லாம் அப்படியே எனக்கு ஏத்திக் குடுங்களேன். நீங்கதான் யாரு வந்தாலும் ஜெயிக்கறீங்க."

தாஹிரா மறு பேச்சில்லாமல் ஏற்றிக் கொடுத்தார். எனக்கே ஆச்சரியம்.

மூன்று நாள் அற்புதராஜ் இடது கையில் மவுஸைப் பிடித்துக்கொண்டு, அடிபட்ட வலது கையால் கீபோர்டின் ஓரத்தைத் தடவிக்கொண்டிருந்தார். சுட நினைத்தால் குனிந்தார். மருந்து எடுக்க நினைத்தால் துப்பாக்கியைக் கீழே போட்டார். நாலாம் நாள் நாற்காலியைப் பின்னால் தள்ளிவிட்டு எழுந்தார்.

"உங்களுக்கு வேலை செய்யுது, எனக்கு ஏன் செய்யல?"

தாஹிரா தன் மூன்று விரல் கையை அவருடைய கையின் பக்கத்தில் மேஜைமேல் வைத்தார்.

"அது இந்தக் கைக்கு வெச்ச வட்டம்ணா."

அற்புதராஜ் இரண்டு கைகளையும் வெகு நேரம் பார்த்தார். அன்றைக்குத்தான் அவர் முதல்முறையாகத் தன் கையை அங்கே எல்லோர் முன்னாலும் மேஜைமேல் விட்டு வைத்தார் என்று நினைக்கிறேன்.

அதற்கப்புறம் அவராகவே வைத்தார். மவுஸை வலது உள்ளங்கையில் பொத்திப் பிடித்து, நடுவிரலால் சுட்டார். இடது கைக்கு எட்டுகிற எழுத்துகளில் மற்ற எல்லாம். ஒரு வட்டத்தை வைப்பார், பத்து தடவை அழுத்திப் பார்ப்பார், அரை விரற்கடை நகர்த்துவார். தோலில் அச்சு வைத்து, ஒரு துண்டுகூட வீணாகாமல் வெட்டிப் பழகியவர் இல்லையா? அந்தப் பொறுமை அவரிடம் அப்படியே இருந்தது. ஆறு வாரத்தில் கை நடுக்கக்காரரையும் என்னையும் ஊதித் தள்ளினார். பார்க்க எனக்குப் பெருமையாக இருந்தது, என்னமோ நான் சொல்லிக்கொடுத்த மாதிரி.

ஆறாவது வாரத்தின் கடைசியில் அவர் தாஹிராவிடம் அந்தக் கேள்வியைக் கேட்டார்.

"டீச்சர், லேப்டாப்ல ஆடுறவங்க பேருக்குப் பக்கத்துல ஒரு சின்ன லேப்டாப் குறி வருதே, அத மறைக்க முடியுமா?"

இதை விளக்க வேண்டும். மவுஸில் குறி பார்ப்பது கட்டைவிரலில் பார்ப்பதைவிடச் சுலபம். அதனால் லேப்டாப்காரர்களுக்கு அந்த விளையாட்டில் தனி மைதானம். ஜோடியில் ஒருவர் லேப்டாப் என்றாலும் இருவரையும் அங்கேதான் அனுப்புவார்கள். விளையாட்டையே ஏமாற்றி, இது செல்போன்தான் என்று நம்பவைக்க ஒரு வழி உண்டு. தாஹிராவுக்கு அந்த வழி தெரியும். ஆனால் அதைக் கேட்டு வந்த எத்தனையோ பேரைப் படியிறங்க வைத்திருக்கிறார்.

"ஏன் மறைக்கணும்?"

"குறியைப் பாத்தா ஏன் லேப்டாப்னு பொண்ணு கேக்கும். நர்சிங் படிக்கிறது டீச்சர். ஒரு கேள்வி கேட்டா, பின்னாலயே ஒம்பது கேள்வி வரும்."

"உங்க வட்டத்தைக் காட்டுங்க."

அற்புதராஜ் காட்டினார். தாஹிரா ஒவ்வொன்றாக எண்ணினார்.

"பதினேழு. எல்லாம் நல்லா வெச்சிருக்கீங்க. மைக்குக்கு வைக்கலையா?"

"அது வேணாங்க. வாயத் தொறந்தா ஒளறிடுவேன்."

தாஹிரா கீபோர்டைத் தன் பக்கம் இழுத்தார்.

"ஒரே ஒரு ஆட்டம். இன்னிக்கு மட்டும்."

அவர் நிஜமாகவே அதைச் செய்துகொடுத்தார். எனக்குக் கொஞ்சம் ஏமாற்றமாகத்தான் இருந்தது. இவரும் இவ்வளவுதானா என்று ஒரு நிமிஷம் நினைத்தேன். அதற்கு இப்போதும் வெட்கப்படுகிறேன்.

ஆறரை மணி. அற்புதராஜ் மகளுக்கு முன்கூட்டியே செய்தி அனுப்பியிருந்தார். திரையில் இரண்டு பெயர்கள் ஒன்றின் பக்கத்தில் ஒன்று வந்தன. லேப்டாப் குறி இல்லை.

"அப்பா!" என்று ஸ்பீக்கரில் ஒரு குரல் துள்ளியது. "வந்துட்டீங்களா! ஓவர்டைம் விட்டுடுச்சா உங்கள?"

அற்புதராஜின் முகம் அப்போது இருந்த விதத்தை எனக்குச் சொல்லத் தெரியவில்லை. திரையைப் பார்த்துத் தலையாட்டினார். அது அங்கே யாருக்குத் தெரியும்?

"அப்பா, மைக் போடுங்க. கேக்கல."

இருவரும் தீவில் இறங்கினார்கள். முதல் ஆள் எதிர்ப்பட்டான். அற்புதராஜின் நடுவிரல் அசைந்தது. ஆள் விழுந்தான்.

"ஐயோ, அப்பா! சூப்பர்!"

இரண்டாவது ஆள். மூன்றாவது. செல்போன்காரர்கள் பாவம், திரும்புவதற்குள் விழுந்தார்கள். ஆறு வாரப் பயிற்சி சும்மாவா? ஓடினார், குனிந்தார், சுவரோரம் ஒட்டினார், ஒரு குண்டுகூட வீணாகவில்லை. கை நடுக்கக்காரர் என் தோளைப் பிடித்து அழுத்தினார். நானும் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டேன்.

தாஹிரா மட்டும் திரையைப் பார்க்கவில்லை. ஸ்பீக்கரைக் கேட்டுக்கொண்டிருந்தார்.

அந்தக் குரல் குறைந்துகொண்டே வந்தது.

"அப்பா, என்னப்பா முன்னால ஓடுறீங்க?"

சுடுகிற சத்தம்.

"எப்பவும் என் பின்னாலதான வருவீங்க?"

மறுபடியும் சுடுகிற சத்தம்.

"ஒரு தடவகூட அட கர்த்தாவேன்னு சொல்லல."

கடைசி ஜோடியும் விழுந்தது. முதலிடம் என்று திரை முழுக்கப் பொன்னிறத்தில் எழுத்து வந்தது. கைதட்ட நான் கையைத் தூக்கிவிட்டேன். தூக்கின கை அப்படியே நின்றது. ஸ்பீக்கரில் அந்தப் பெண் பேசினாள். இப்போது வேற்று ஆளிடம் பேசுகிற குரல்.

"ஹலோ. யாருங்க நீங்க?"

அற்புதராஜ் ஸ்பீக்கர் பக்கம் குனிந்தார்.

"இது எங்கப்பா இல்ல. எங்கப்பாவுக்கு இப்படி விளையாடத் தெரியாது. அவர் போன் உங்ககிட்ட எப்படி வந்துச்சு?" குரல் உடைந்தது. "அவருக்கு என்ன ஆச்சு? ஆறு மாசமா வீடியோல வர மாட்டேங்கறாரு. சொல்லுங்க, எங்கப்பாவுக்கு என்ன ஆச்சு?"

அற்புதராஜின் இடது கை கீபோர்டின் மேல் இங்கும் அங்கும் ஓடியது. பதினேழு எழுத்துகளையும் அழுத்தியிருப்பார். திரையில் அவருடைய வீரன் குனிந்தான், எழுந்தான், குதித்தான், மருந்துப் பெட்டியைத் திறந்து மூடினான்.

"டீச்சர், மைக்! மைக்குக்கு எந்தக் கீ?"

"நீங்க வைக்கலையேண்ணா."

"வையுங்க! சீக்கிரம் வையுங்க!"

தாஹிராவின் மூன்று விரல்கள் பதினெட்டாவது வட்டத்தை இழுத்து வந்து மைக் பொத்தானின் மேல் வைத்தன.

"எந்தக் கீ போடட்டும்?"

அற்புதராஜ் தன் இடது கையைக் குனிந்து பார்த்தார். மிச்சமிருந்த ஒரே கட்டைவிரல் நீளமான ஸ்பேஸ் கீயின் மேல் இருந்தது. அது குதிப்பதற்காக வைத்தது.

"இதையே போடுங்க. குதிக்க வேணாம்."

அழுத்தினார்.

"பெனி. அப்பாதாம்மா."

அந்தப் பக்கம் ஒரு மூச்சு கேட்டது.

"அப்பா? நீங்களா? ஏன்பா பேசல? நீங்களாப்பா இப்படிச் சுட்டீங்க? எப்படிப்பா?"

அற்புதராஜ் கட்டைவிரலை எடுத்தார். மைக் அணைந்தது. அவர் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது, துடைக்கவில்லை. கையைப் பாக்கெட்டுக்குள் வைக்கவும் இல்லை. தாஹிராவைத் திரும்பிப் பார்த்தார்.

"எங்கருந்து ஆரம்பிக்கட்டும் டீச்சர்?"

தாஹிரா அவருடைய இடது கையை எடுத்து மறுபடியும் ஸ்பேஸ் கீயின் மேல் வைத்தார்.

"இல்லாத கட்டைவிரல்ல இருந்து."